ராபின் சிங்: ஸ்கோர் கார்டு சொல்லாத பாதி

1998 அக்டோபர், ஹராரே. இந்தியா ஜிம்பாப்வேயிடம் 61 ரன்னில் தோற்ற டெஸ்ட். அந்த மேட்ச்ல அறிமுகமானவர்களில் ஒருவருக்கு வயசு அப்போ 35. இரண்டு இன்னிங்ஸும் சேர்த்து எடுத்தது 27 ரன். விக்கெட் ஒன்றுமில்லை. பிடித்த கேட்ச் ஐந்து. அதற்குப் பிறகு அவருக்கு இன்னொரு டெஸ்ட் கிடைக்கவே இல்லை.

ராபின் சிங்கைப் பற்றி எழுதணும்னு உட்கார்ந்தபோது முதலில் கண்ணில் பட்டது இந்த வரிதான். பேட்டிங் கட்டத்தைப் பார்த்தால் தோல்வி, பௌலிங் கட்டத்தைப் பார்த்தால் பூஜ்யம். ஒரே டெஸ்ட்டில் ஐந்து கேட்ச் என்பதோ சாதாரண விஷயம் கிடையாது. ஆனால் கேட்ச்சுக்காக யாரையும் அடுத்த டெஸ்ட்டுக்கு எடுக்கமாட்டார்கள்.

கொஞ்ச நாளாக பேஸ்பால் பற்றிப் படித்துக்கொண்டிருக்கிறேன். அதில் 'யூட்டிலிட்டி இன்ஃபீல்டர்' என்று ஒரு வகை ஆட்டக்காரர் உண்டு. பேஸ்பால் மைதானத்தின் உள்பக்கம், அதாவது நான்கு பேஸ்களைச் சுற்றியுள்ள சதுரம்தான் இன்ஃபீல்ட். பந்து வீசுபவரையும் பிடிப்பவரையும் விட்டுவிட்டால் அங்கே நாலு பேர்: முதல் பேஸ், இரண்டாம் பேஸ், மூன்றாம் பேஸ், இரண்டாவதுக்கும் மூன்றாவதுக்கும் நடுவில் ஷார்ட்ஸ்டாப். ஒவ்வொரு இடத்துக்கும் வேலை வேறு. மூன்றாம் பேஸில் பந்து அறைந்தாற்போல வரும், யோசிக்க நேரமே இருக்காது. ஷார்ட்ஸ்டாப்புக்கு ஓட்டமும் வேணும், தூர எறிகிற கையும் வேணும். இரண்டாம் பேஸ்காரர் வேகமாகத் திரும்பிப் பந்தை மாற்றிவிடணும். பெரும்பாலானவர்கள் ஒரே இடத்தில் நின்று தொழில் பழகுகிறார்கள். யூட்டிலிட்டி ஆள் மட்டும் யாருக்கு அடிபட்டாலும் யார் ஃபார்ம் போனாலும் அந்த இடத்துக்குப் போய் நிற்பார். எல்லா இடத்துக்கும் அவர் வேணும், ஆனால் எந்த இடமும் அவருக்குச் சொந்தமில்லை.

இதைப் படித்ததும் எனக்கு நம்மூர் ஆட்கள் பல பேர் ஞாபகத்துக்கு வந்தார்கள். அதில் முதல் ஆள் ராபின் சிங்.

ஒரு சின்னக் கணக்கு. பேஸ்பாலில் ஒரு பேஸுக்கும் அடுத்த பேஸுக்கும் உள்ள தூரம் 90 அடி. ஒருநாள் கிரிக்கெட்டில் ஃபீல்டர்களைக் கட்டுப்படுத்த வரைகிற உள்வட்டம், ஸ்டம்பிலிருந்து 30 கஜம். 30 கஜம்னா அதே 90 அடிதான். இரண்டு விளையாட்டுக்கும் அந்த எல்லை வந்த காரணம் வேறு வேறு. ஆனாலும் மனிதன் ஓடுகிற வேகத்துக்கும் பந்து தரையில் வருகிற வேகத்துக்கும் இடையிலான போட்டி கிட்டத்தட்ட அந்தத் தூரத்தில்தான் சூடு பிடிக்கிறது போல.

இந்த உள்வட்டத்தின் அருமை எங்க பக்கத்துப் பையன்களுக்கு நல்லாவே தெரியும். போடியிலிருந்து குரங்கணிக்கு ஏறுகிற வழியில் சமதரை என்பதே அபூர்வம். கொஞ்சம் தட்டையா ஒரு துண்டு நிலம் கிடைத்தால் அதுதான் கிரவுண்டு. பள்ளத்துப் பக்கம் பந்தை விட்டால் அது மாந்தோப்புக்குள்ளேயோ, இலவ மரத்தைத் தாண்டி கொட்டக்குடி ஆற்றுப் பக்கமோ உருண்டு போயிடும். பந்து தேடுவதிலேயே அரை மணி நேரம் போகும். அங்கே பவுண்டரி லைனில் ஆள் நிறுத்துவதில் அர்த்தமே இல்லை. கிட்டத்திலேயே நின்று, பள்ளத்தில் விழாமல் பந்தை மறிக்கிறவன்தான் ராஜா. டீம் பிரிக்கும்போது அவனைத்தான் முதலில் கேட்பார்கள். அவன் எத்தனை ரன் அடிப்பான்னு அப்புறம்தான் பார்ப்பார்கள்.

சரி, ராபின் சிங்குக்கு வருவோம். முழுப்பெயர் ரவீந்திர ராமநாராயண் சிங். 1963 செப்டம்பர் 14 அன்று ட்ரினிடாட்டின் பிரின்ஸஸ் டவுனில் பிறந்தவர். 1845 முதல் 1917 வரை ஒப்பந்தக் கூலிகளாக இந்தியாவிலிருந்து கப்பலேறிப் போனவர்களின் வழிவந்த சமூகம் அது. 1984-ல் அவர் மெட்ராஸ் வந்தார். மெட்ராஸ் பல்கலைக்கழகத்தில் படித்துக்கொண்டே இங்கே கிளப் கிரிக்கெட் ஆடி, தமிழ்நாடு அணிக்குள் நுழைந்தார். 1987–88-ல் தமிழ்நாடு சேப்பாக்கத்தில் ரயில்வே அணியைத் தோற்கடித்து ரஞ்சிக் கோப்பையை வென்றபோது அவரும் அணியில் இருந்தார். அதற்கு முந்தைய கோப்பை 1954–55-ல், மெட்ராஸ் என்ற பெயரில். நடுவில் 33 வருஷம்.

1989-ல் இந்தியக் குடியுரிமை. அதே வருஷம் மேற்கிந்தியத் தீவுகள் சுற்றுப்பயணத்தில் இடம். முதல் ஒருநாள் ஆட்டம் எங்கே தெரியுமா? ட்ரினிடாட்டின் போர்ட் ஆஃப் ஸ்பெயினில். பிறந்த நாட்டில், பிறந்த ஊர்க்காரர்கள் முன்னால், இன்னொரு நாட்டின் சட்டையைப் போட்டுக்கொண்டு. அந்தப் பயணத்தில் இரண்டு ஒருநாள் ஆட்டங்கள் ஆடினார். அப்புறம் ஏழு வருஷம் கூப்பிடவே இல்லை.

இந்த ஏழு வருஷத்தைப் பலர் ஒரு வரியில் தாண்டிப் போய்விடுகிறார்கள். எனக்கு இதுதான் அவர் கதையின் மையமாகப் படுகிறது. 25 வயசிலிருந்து 32 வயசு வரை, ஒரு ஆட்டக்காரனின் உடம்பு உச்சத்தில் இருக்கிற காலம் முழுக்க உள்ளூர் கிரிக்கெட்டில் போனது. 1996-ல் திரும்பவும் இந்திய அணிக்குள் வந்தபோது வயசு 33. நாம் டிவியில் பார்த்த ராபின், பாயிண்டிலும் கவரிலும் மிட்விக்கெட்டிலும் பக்கவாட்டில் பாய்ந்த ராபின், ஒரு ரன்னை இரண்டாக்க ஓடிய ராபின், எல்லாம் 33 வயசுக்கு மேற்பட்ட மனிதர். அந்த அணியில் அவரைவிடப் பத்து வயசு சின்னவர்கள் இருந்தார்கள். அவர்களில் பலர் அவரளவுக்குக் குனிந்து நான் பார்த்ததில்லை.

அப்போதைய விதியைக் கொஞ்சம் விளக்கணும். முதல் 15 ஓவரில் உள்வட்டத்துக்கு வெளியே இரண்டே பேர்தான் நிற்கலாம். அதற்குப் பிறகு ஐந்து பேர் வரை போகலாம். அப்படின்னா பௌலரையும் கீப்பரையும் விட்டுவிட்டால், எப்பவும் குறைந்தது நாலு பேர் உள்ளே இருக்கணும். இந்த நாலு பேர்தான் ஒற்றை ரன்னைத் தடுக்கிறவர்கள். கிரீஸிலிருந்து கிரீஸுக்கு 58 அடி. பேட்ஸ்மேன் அதைக் கடக்க மூன்று விநாடி போல ஆகும். அதற்குள் பந்தை எடுத்து எறியணும். பாயிண்டில் நிற்கிறவர் நாலு அடி கூடுதலாக எட்டினால் பேட்ஸ்மேன் ஓடத் தயங்குவார். ஓடாத ரன் எந்தக் கட்டத்திலும் ஏறாது. இரண்டு மூன்று பந்து அப்படி ரன் இல்லாமல் போனால் எதிர்முனையில் ஒருத்தர் பொறுமை இழந்து தூக்கி அடித்து அவுட் ஆவார். ஸ்கோர் கார்டில் அந்த விக்கெட் பௌலர் பெயரில் இருக்கும்.

பேஸ்பாலிலும் இதே பிரச்சினை ரொம்ப நாளாக உண்டு. அங்கே ஃபீல்டர் தவறவிட்டால் 'எரர்' என்று அதிகாரப்பூர்வமாகவே குறிக்கிறார்கள். கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் பாய்ந்து போய்த் தொட்டுத் தவறவிட்டவனுக்கு எரர் விழ வாய்ப்புண்டு. நகராமல் நின்று பந்தைப் போகவிட்டவனுக்கு விழாது. கைக்கு எட்டாத பந்துக்கு யாரும் திட்டுறதில்ல பாருங்க, அந்தக் கதைதான். 2015-லிருந்து அமெரிக்க மைதானங்கள் எல்லாவற்றிலும் ஆட்டக்காரர்களின் அசைவையே அளக்கிற கருவிகள் வந்துவிட்டன. 2022 முதல் அங்கே சிறந்த ஃபீல்டருக்கான தங்கக் கையுறை விருதில் 'யூட்டிலிட்டி'க்கே தனிப் பிரிவு. பென் ஸோப்ரிஸ்ட் என்று ஒருவர், இன்ஃபீல்டிலும் அவுட்ஃபீல்டிலும் மாறி மாறி ஆடியே பேர் வாங்கியவர், 2016 வேர்ல்ட் சீரிஸில் சிறந்த ஆட்டக்காரர் விருதையே எடுத்தார். கிரிக்கெட்டில் ஃபீல்டிங்குக்காக மட்டும் ஆட்டநாயகன் விருது வாங்கியவர் என்றால் ஜான்டி ரோட்ஸைச் சொல்வார்கள். 1993-ல் பம்பாயில் மேற்கிந்தியத் தீவுகளுக்கு எதிராக ஐந்து கேட்ச். அதே எண்ணிக்கை ராபினுக்கு ஹராரேயில் என்ன தந்தது என்று மேலே பார்த்தோம். ஒருநாள் ஆட்டமும் டெஸ்ட்டும் ஒன்றல்ல, ஒத்துக்கொள்கிறேன். இருந்தாலும் மனசு கேட்கவில்லை.

136 ஒருநாள் ஆட்டம், 2336 ரன், சராசரி 25.95, ஒரு சதம். 69 விக்கெட், அதன் சராசரி 43-க்கு மேல். இந்த எண்களை மட்டும் ஒரு இளைஞரிடம் காட்டினால் "இவரை ஏன் இத்தனை மேட்ச் ஆட விட்டாங்க?" என்றுதான் கேட்பார். கேள்வி நியாயமானதே. பதில் அவர் எந்த நேரத்தில் எந்த வேலைக்கு அனுப்பப்பட்டார் என்பதில் இருக்கிறது. ஆறாவது ஏழாவது ஆளாக வருகிறவருக்கு இரண்டு விதமான நாள்தான். ஒன்று, ஐந்து ஓவர் பாக்கி இருக்கும். முதல் பந்திலிருந்தே அடிக்கணும். இல்லாவிட்டால் சச்சின் அவுட் ஆகி, பின்னாலேயே நாலு பேர் போய், பாதி ஓவர் மிச்சமிருக்கும். மெதுவாகக் கட்டி எழுப்பணும். முதல் வகையில் நிறைய ரன் சேர்க்க முடியாது, இரண்டாவது வகையில் நிறையத் தோற்பீர்கள். 1990-களின் பின்பாதி இந்திய அணியில் இந்த இரண்டையும் ஒரே ஆள் செய்ய வேண்டியிருந்தது.

திடீரென்று மேலேயும் அனுப்புவார்கள். 1998 ஜனவரி 18, டாக்கா, சுதந்திரக் கோப்பையின் மூன்றாவது இறுதி ஆட்டம். பாகிஸ்தான் 48 ஓவரில் 314. அந்தக் காலத்தில் அதைத் துரத்தி யாரும் ஜெயித்ததில்லை. சச்சின் 41-ல் போனதும் மூன்றாவது ஆளாக ராபினை இறக்கினார்கள். தட்டிவிட்டு ஓடியும், கிடைத்தபோது அடித்தும் 82. கங்குலியோடு சேர்த்து 179 ரன். கங்குலி 124. கடைசி ஓவரில், ஒரு பந்து மீதமிருக்க, கனித்கர் ஒரு ஃபோர் அடித்து முடித்தார். இன்றைக்கும் அந்த ஆட்டம்னா கனித்கர் ஃபோர். அதற்கடுத்து கங்குலி. 82 அடித்தவரைக் கேட்டால் ஒரு நிமிஷம் யோசிப்பார்கள்.

1999 உலகக் கோப்பையிலும் இதே கதை. டான்டனில் இலங்கைக்கு எதிராக இந்தியா 373. கங்குலி 183, டிராவிட் 145, இருவரும் சேர்த்து 318. இது தெரியாத கிரிக்கெட் ரசிகர் இருக்கமாட்டார். பிறகு இலங்கை 216-ல் சுருண்டதே, அதில் 31 ரன் கொடுத்து ஐந்து விக்கெட் எடுத்தது ராபின். அவர் பெரிய வேகமும் கிடையாது, பந்து பெரிதாகத் திரும்பவும் திரும்பாது. பேட்ஸ்மேன் அவசரப்படுகிற நேரத்தில் ஸ்டம்பை நோக்கி வீசுவார், அவ்வளவுதான். இலங்கைக்கு அவர்மேல் என்ன கடுப்போ, 1997 டிசம்பரில் குவாஹாட்டியில் 22-க்கு ஐந்து எடுத்ததும் அவர்களிடம்தான். ஒரே ஒருநாள் சதமும் 1997-ல் கொழும்பில் அவர்களுக்கு எதிராகத்தான், சரியாக 100.

என் பார்வையில் இந்தியத் தேர்வாளர்கள் அவரிடமிருந்து நிறைய வாங்கிக்கொண்டு கொஞ்சம்தான் திருப்பிக் கொடுத்தார்கள். முதல்தர ஆட்டங்களில் 46 சராசரியில் ஏறக்குறைய 7000 ரன்னும் 172 விக்கெட்டும் எடுத்தவர். அப்படிப்பட்டவருக்கு ஒரே டெஸ்ட், அதுவும் 35 வயசில். "ஒருநாள் ஸ்பெஷலிஸ்ட்" என்ற முத்திரை விழுந்தது. ஆனால் தமிழ்நாட்டுக்காக நாலு நாள் ஆட்டங்களில் நின்று ஆடியே வளர்ந்தவர் அவர். எந்த ஓட்டையையும் அடைக்கிற ஆளைப் பற்றி ஒரு வசதியான எண்ணம் எப்பவும் உருவாகிவிடும்: இவன் ஓட்டை அடைக்கத்தான் லாயக்கு என்று. ஆபீஸிலும் இப்படி ஆட்களைப் பார்த்திருப்பீர்கள்.

2001 ஏப்ரலில் விசாகப்பட்டினத்தில் ஆஸ்திரேலியாவுக்கு எதிராக ஆடியது கடைசி ஒருநாள் ஆட்டம். அதன்பின் பயிற்சியாளர் வாழ்க்கை. அங்கேயும் ஒரே இடத்தில் நிற்கவில்லை. 2007-ல் இந்திய அணியின் ஃபீல்டிங் பயிற்சியாளர். அதே ஆண்டு டி20 உலகக் கோப்பையில், டர்பனில் பாகிஸ்தானோடு சமன் ஆன ஆட்டம் பௌல்-அவுட்டுக்குப் போய், இந்தியா மூன்று முறையும் ஸ்டம்பைத் தட்டி 3–0 என்று ஜெயித்தபோது அவர் அணியோடு இருந்தார். 2009-ல் அந்தப் பொறுப்பு போனது. ஐபிஎல் முதல் ஆண்டில் டெக்கான் சார்ஜர்ஸ் பயிற்சியாளர், அணிக்குக் கடைசி இடம். பிறகு மும்பை இந்தியன்ஸில் பல ஆண்டுகள். 2014-ல் கரீபியன் லீகில் பார்படாஸ் அணிக்குப் பயிற்சியாளராக இருந்து கோப்பை வாங்கினார். அந்த லீகில் ட்ரினிடாட் அணியும் உண்டு. 2020-ல் ஐக்கிய அரபு அமீரகம் அவரைத் தன் கிரிக்கெட் இயக்குநராக அழைத்துக்கொண்டது. அப்போது அவருக்கு வயசு 56.