உருட்டுவதா, நிறுத்துவதா?

சிங்கப்பூரில் கேலாங் சாலையின் இருபுறமும் ‘லோரோங்’ எனப்படும் சிறு தெருக்கள் பிரிந்து செல்கின்றன. ‘லோரோங்’ என்பது சந்தைக் குறிக்கும் மலாய்ச் சொல். சாலையின் வடக்குப் பக்கத்து லோரோங்குகளுக்கு ஒற்றைப்படை எண்களும், தெற்குப் பக்கத்தவற்றுக்கு இரட்டைப்படை எண்களும் கொடுக்கப்பட்டுள்ளன. இந்த வட்டாரத்தைச் சுற்றியுள்ள பழைய அடுக்குமாடிக் கட்டடங்கள் சிலவற்றின் கீழ்த்தளத்தில், சதுரங்கக் கட்டம் பதித்த கல்மேசைகளை இன்றும் காணலாம். அத்தகைய மேசையில் அமர்ந்து, ஒரே ஒரு பகடை, ஒரு தாள், ஒரு பென்சில் ஆகியவற்றைக் கொண்டு விளையாடக்கூடிய ஆட்டம் ஒன்று உண்டு. அதன் பெயர் ‘பிக்’, அதாவது பன்றி ஆட்டம். அமெரிக்காவைச் சேர்ந்த ஜான் ஸ்கார்ன் என்னும் வித்தைக் கலைஞர் 1945இல் பகடை ஆட்டங்களைப் பற்றி எழுதிய நூலில் இதை விளக்கியிருக்கிறார்.

பகடை தமிழருக்குப் புதிதன்று. மதுரைக்கு அருகிலுள்ள கீழடியில் நடந்த அகழாய்வில் பழங்காலப் பகடைக்காய்கள் கிடைத்துள்ளன. தாயம் ஆடும் பழக்கம் இன்றும் பல குடும்பங்களில் இருந்து வருகிறது. தாயத்தில் 1, 5, 6, 12 ஆகிய எண்கள் விழுந்தால் மீண்டும் உருட்டலாம். அங்கே மறுமுறை உருட்டுவதா வேண்டாமா என்பதை விதியே முடிவு செய்துவிடுகிறது. பன்றி ஆட்டத்தில் அந்த முடிவை ஆடுபவரே எடுக்க வேண்டும். இந்த ஆட்டத்தின் சுவை முழுவதும் அதில்தான் இருக்கிறது.

ஆட்டத்தின் விதிகள்

இருவர் மாறி மாறி ஆட வேண்டும். முதலில் 100 புள்ளிகளை எட்டுபவரே வெற்றியாளர். தம் முறை வந்ததும் ஒருவர் பகடையை எத்தனை தடவை வேண்டுமானாலும் உருட்டலாம். 2 முதல் 6 வரை எந்த எண் விழுந்தாலும் அது அவருடைய கையிருப்பில் சேரும். கையிருப்பு என்பது அந்த முறையில் மட்டும் கிடைத்த புள்ளிகள். அவர் விரும்பும்போது நிறுத்திக்கொள்ளலாம். நிறுத்தினால் கையிருப்பு முழுவதும் கணக்கில் ஏறிவிடும். கணக்கில் ஏறிய புள்ளிகளை யாரும் பறிக்க முடியாது. ஆனால், நிறுத்துவதற்கு முன் 1 விழுந்துவிட்டால் கையிருப்பு முழுவதும் போய்விடும். பகடையை எதிராளியிடம் கொடுத்துவிட வேண்டும்.

ஓர் எடுத்துக்காட்டைப் பார்ப்போம். அக்காவும் தம்பியும் ஆடுகிறார்கள். தம்பிக்கு 4, 6, 3, 5 என்று வரிசையாக விழுகிறது. கையிருப்பு 18.

“போதும், நிறுத்திக்கொள்ளடா!” என்கிறாள் அக்கா.

“இன்னும் ஒரே ஒரு தடவை, அக்கா” என்று சொல்லிவிட்டுத் தம்பி உருட்டுகிறான். 1 விழுகிறது. 18 புள்ளிகளும் போய்விடுகின்றன. அடுத்து அக்காவுக்கு 6, 5, 4, 6 விழுகிறது. 21 புள்ளிகளோடு அவள் நிறுத்திக்கொள்கிறாள்.

தம்பி பேராசையால் தோற்றான் என்று எளிதில் சொல்லிவிடலாம். அது சரியா என்பதைக் கணக்குப் போட்டுத்தான் பார்க்க வேண்டும்.

கணக்கு சொல்லும் விடை

பகடைக்கு ஆறு முகங்கள். ஒவ்வொன்றும் விழுவதற்கான வாய்ப்பு ஆறில் ஒன்று. இன்னும் ஒரு தடவை உருட்டினால் என்ன கிடைக்கும், என்ன போகும் என்று முதலில் கண்டறிய வேண்டும்.

கிடைக்கக்கூடியவை 2, 3, 4, 5, 6. இவற்றின் கூட்டுத்தொகை 20. எனவே, ஒவ்வோர் உருட்டலிலும் சராசரியாக 20இல் ஆறில் ஒரு பங்கு, அதாவது ஏறக்குறைய 3.3 புள்ளிகள் சேரும். போகக்கூடியது கையிருப்பு. 1 விழும் வாய்ப்பு ஆறில் ஒன்று என்பதால், சராசரி இழப்பு கையிருப்பில் ஆறில் ஒரு பங்கு.

இவ்விரண்டையும் ஒப்பிட்டால் விடை தெளிவாகிறது. கையிருப்பு 20க்குக் கீழே இருக்கும்போது, வரவு இழப்பைவிட அதிகம். அப்போது உருட்டலாம். கையிருப்பு 20ஆக இருந்தால் இரண்டும் சமம். 20ஐத் தாண்டிவிட்டால் இழப்பே அதிகம். அப்போது நிறுத்த வேண்டும். ‘20 வந்தால் நிறுத்து’ என்னும் எளிய விதி இப்படித்தான் பிறந்தது.

இப்போது தம்பியின் ஆட்டத்துக்குத் திரும்புவோம். அவனிடம் 18 இருந்தபோது சராசரி வரவு 3.3, சராசரி இழப்பு 3. ஆகவே, உருட்டியது சரியான முடிவுதான். விளைவுதான் அவனுக்குச் சாதகமாக அமையவில்லை. நல்ல முடிவு சில வேளைகளில் கெட்ட விளைவைத் தரும். கெட்ட முடிவு சில வேளைகளில் நல்ல விளைவைத் தரும். ஒரே ஒரு விளைவைக் கொண்டு ஒரு முடிவை மதிப்பிடக் கூடாது.

இதையே வேறொரு வழியிலும் சரிபார்க்கலாம். ஒவ்வொரு முறையும் இத்தனை தடவைதான் உருட்டுவது என்று ஒருவர் முன்கூட்டியே முடிவு செய்துகொள்வதாக வைத்துக்கொள்வோம். ஒரே தடவை உருட்டி நிறுத்துபவருக்கு ஒரு முறைக்குச் சராசரியாக 3.3 புள்ளிகள் கிடைக்கும். மூன்று தடவை உருட்டுபவருக்கு 6.9 கிடைக்கும். ஐந்து அல்லது ஆறு தடவை உருட்டுபவருக்கு ஏறக்குறைய 8 கிடைக்கும். பத்துத் தடவை உருட்டத் துணிபவருக்கு அது 6.5ஆகக் குறைந்துவிடும். மிகவும் அஞ்சுபவரும் பின்தங்குகிறார். அளவுமீறித் துணிபவரும் பின்தங்குகிறார். 1 விழாதபோது ஓர் உருட்டலின் சராசரி மதிப்பு 4. அவ்வாறு ஐந்து தடவை உருட்டினால் 20 வரும். இரண்டு கணக்குகளும் ஒரே இடத்தில் வந்து நிற்கின்றன.

ஒன்றை மறந்துவிடக் கூடாது. 20 வரும்வரை உருட்டுபவர், பத்து முறைகளில் ஏறக்குறைய ஆறு முறை வெறுங்கையோடு பகடையைக் கொடுக்க நேரிடும். அப்படி நேர்ந்தால் மனம் தளர்ந்து விதியை மாற்றிக்கொள்பவரே பெரும்பாலும் தோற்கிறார்.

எதிராளியின் கணக்கையும் பார்க்க வேண்டும்

20 வந்தால் நிறுத்துவது நல்ல விதி. ஆனால், எல்லா நேரத்துக்கும் பொருந்தும் விதியன்று. ஆட்டத்தின் நோக்கம் நிறையப் புள்ளிகள் சேர்ப்பது மட்டுமன்று. எதிராளிக்கு முன்பாக 100ஐத் தொடுவது.

அக்காவின் கணக்கில் 98 புள்ளிகள் இருக்கின்றன. தம்பியின் கணக்கில் 75, கையிருப்பு 20. விதிப்படி நிறுத்தினால் அவனுக்கு 95 ஆகும். ஆனால், அடுத்து அக்கா உருட்டும்போது 1 தவிர எது விழுந்தாலும் அவள் வென்றுவிடுவாள். அதற்கான வாய்ப்பு ஆறில் ஐந்து. ஆகவே, நிறுத்தினால் தம்பி வெல்லும் வாய்ப்பு ஆறில் ஒன்றுக்கும் குறைவு. நிறுத்தாமல் இன்னும் 5 புள்ளிகளுக்காக உருட்டினால் அவன் வெல்லும் வாய்ப்பு ஏறக்குறைய நான்கில் மூன்று. இங்கே துணிவுதான் அறிவு; நிறுத்துவதுதான் பிழை.

இத்தகைய எல்லா நிலைகளையும் கணினியின் துணையோடு ஆராய்ந்தவர்கள் அமெரிக்காவின் கெட்டிஸ்பர்க் கல்லூரியைச் சேர்ந்த டாட் நெல்லர், கிளிஃப்டன் பிரஸ்ஸர் ஆகிய இருவர். 2004இல் அவர்களது ஆய்வுக்கட்டுரை வெளிவந்தது. தம் கணக்கு, எதிராளியின் கணக்கு, கையிருப்பு ஆகிய மூன்றும் சேர்ந்தே சரியான முடிவைத் தீர்மானிக்கின்றன என்று அது காட்டியது. இருவரும் பிழையின்றி ஆடினால், முதலில் ஆடுபவர் 100இல் ஏறக்குறைய 53 ஆட்டங்களில் வெல்வார் என்பதும் அதில் தெரியவந்தது. ஆகவே, யார் முதலில் ஆடுவது என்பதையும் பகடை உருட்டி முடிவு செய்வது நியாயமானது.

கணினி கண்ட முழு விடையை மனத்தில் வைத்துக்கொள்ள முடியாது. அதனால் மனிதர்கள் பின்பற்றக்கூடிய சுருக்கமான விதி ஒன்றையும் அவர்கள் பின்னர் முன்வைத்தார்கள். இருவரில் எவரேனும் ஒருவர் 71 புள்ளிகளையோ அதற்கு மேலோ எட்டிவிட்டால், வெல்லும்வரை உருட்ட வேண்டும். அதற்கு முன்பாக இருந்தால், எதிராளியின் கணக்கிலிருந்து தம் கணக்கைக் கழித்து, வரும் எண்ணை 8ஆல் வகுத்து, அதை முழு எண்ணாக்கி 21உடன் கூட்ட வேண்டும். கிடைப்பதுதான் நிறுத்த வேண்டிய எண். எதிராளிக்கு 56, தமக்கு 32 என்றால் வேறுபாடு 24. அதை 8ஆல் வகுத்தால் 3. ஆகவே, 24 வந்ததும் நிறுத்த வேண்டும். மாறாக, 16 புள்ளிகள் முந்தியிருப்பவர் 19இலேயே நிறுத்திக்கொள்ளலாம். பின்தங்கியவர் சற்றுக் கூடுதலாகத் துணிய வேண்டும். முந்தியவர் சற்று அடக்கமாக ஆட வேண்டும்.

பகடைக்கு நினைவாற்றல் இல்லை

ஆடுபவர்கள் பலர் செய்யும் தவறு ஒன்று உண்டு. நான்கு தடவை தொடர்ந்து நல்ல எண்கள் விழுந்தால், “இன்று கை ராசியாக இருக்கிறது” என்று சிலர் மேலும் உருட்டுவார்கள். “இவ்வளவு நேரம் 1 விழவில்லை; இனி விழுந்தே தீரும்” என்று வேறு சிலர் அஞ்சி நிறுத்துவார்கள். இரண்டும் பிழை. முன்பு என்ன விழுந்தது என்பது பகடைக்குத் தெரியாது. ஒவ்வோர் உருட்டலிலும் 1 விழும் வாய்ப்பு ஆறில் ஒன்றுதான். மாறுவது வாய்ப்பன்று, இழக்கக்கூடிய கையிருப்பின் அளவே மாறுகிறது. ஆகவே, பார்க்க வேண்டியது கையிருப்பை, ராசியை அன்று.

சந்துக்குள் உருளும் பகடை

கேலாங்கின் பெயர் பகடையோடு சேர்ந்து செய்திகளிலும் இடம்பெற்றிருக்கிறது. அங்குள்ள பின்சந்துகளில் சட்டவிரோதமாகச் சூதாட்டம் நடத்தியவர்களைக் காவல்துறை சோதனையிட்டுப் பிடித்த செய்திகள் பலமுறை வெளிவந்துள்ளன. பன்றி ஆட்டத்தில் கற்ற கணக்கு, பணம் வைத்து ஆடும் பகடை ஆட்டத்தில் உதவுமா என்ற கேள்வி இங்கே எழலாம்.

‘பெரிது–சிறிது’ என்னும் ஆட்டத்தை எடுத்துக்கொள்வோம். மூன்று பகடைகளை ஒன்றாக உருட்டுவார்கள். கூட்டுத்தொகை 4 முதல் 10 வரை வந்தால் சிறிது. 11 முதல் 17 வரை வந்தால் பெரிது. மூன்றிலும் ஒரே எண் விழுந்தால், பெரிது, சிறிது இரண்டிலும் பணம் வைத்தவர்கள் தோற்பார்கள். பார்ப்பதற்குச் சரிபாதி வாய்ப்புப்போலத் தோன்றும். ஆனால், மூன்று பகடைகள் விழக்கூடிய வழிகள் 216. அவற்றில் பெரிது 105, சிறிதும் 105. எஞ்சிய 6 வழிகள் ஆட்டத்தை நடத்துபவருக்கு உரியவை. எதில் பணம் வைத்தாலும் வெல்லும் வழிகள் 105; தோற்கும் வழிகள் 111. ஒவ்வொரு தடவையும் ஒரு வெள்ளி வைத்து 216 தடவை ஆடுபவர், சராசரியாக 6 வெள்ளியை இழப்பார். நேர்மையாக உருட்டப்படும் பகடைக்கே இந்தக் கணக்கு. அவர் எவ்வளவு அறிவாளியாக இருந்தாலும் இது மாறாது.

பன்றி ஆட்டத்தில் எப்போது நிறுத்துவது என்பதை அறிந்தவருக்கு வெற்றி வாய்ப்பு கூடுகிறது. சூதாட்டத்தில் ஆடுபவர் எடுக்கும் எந்த முடிவும் அந்த 6 வழிகளை அழிக்காது. அங்கே நிறுத்துவதற்கு உரிய இடம் முதல் உருட்டலுக்கு முன்பே இருக்கிறது. நளனும் தருமரும் நாட்டை இழந்தது பகடையால் மட்டுமன்று. இழந்ததை மீட்டுவிடலாம் என்று எண்ணி மேலும் மேலும் ஆடியதால்தான். திருவள்ளுவரும் சூதுக்கென்று தனி அதிகாரம் வகுத்து, பத்துக் குறள்களில் எச்சரித்திருக்கிறார். சிங்கப்பூரில் 2022 ஆகஸ்ட் 1ஆம் தேதி நடப்புக்கு வந்த சூதாட்டக் கட்டுப்பாட்டுச் சட்டம், உரிமம் இல்லாத சூதாட்டத்தை நடத்துவதை மட்டுமன்றி, அதில் பங்குகொள்வதையும் குற்றமாக்கியுள்ளது.

பன்றி ஆட்டத்தில் பணத்துக்கு இடமில்லை. தோற்றால் போவது தாளில் எழுதிய புள்ளிகள் மட்டுமே. ஆனால், ஆடுபவர் கற்றுக்கொள்வது பெரிது. மேலும் முயன்றால் கிடைக்கக்கூடியது எவ்வளவு, அதற்காகப் பணயம் வைப்பது எவ்வளவு என்று ஒப்பிடும் பழக்கம் அது. தேர்வுக்குப் படிக்கும்போதும், பணத்தைச் செலவிடும்போதும், நண்பர்கள் ஒன்றைச் செய்துபார் என்று தூண்டும்போதும் அந்தப் பழக்கம் கைகொடுக்கும். துணிய வேண்டிய இடத்தில் துணிந்து, நிறுத்த வேண்டிய இடத்தில் நிறுத்துபவரே நல்ல ஆட்டக்காரர்.