மலைக்கு ஒரு மூட், காட்டுக்கு ஒரு மூட்... தருமபுரியில் ஒரு சங்க கால மேப்!

ஒரு ஃபேன்டஸி உலகம். அதுல ஐந்து நிலங்கள். மலைக்குள்ள காலெடுத்து வெச்சா காதல் வரும். காட்டுக்குள்ள போனா யாருக்காகவோ காத்திருக்கத் தோணும். வயல் பக்கம் போனா சண்டை. கடற்கரைக்குப் போனா அழுகை. வெயில் கொளுத்துற பொட்டல்ல நடந்தா பிரிவு.

ஏதோ வெப் சீரிஸோட ஒன்லைன் மாதிரி இருக்கா? சுமார் 2,000 வருஷத்துக்கு முன்னாடி தமிழ்ப் புலவர்கள் போட்ட மேப் இது. ஸ்கூல்ல மனப்பாடம் பண்ணி, பரீட்சை முடிஞ்ச கையோட மறந்த அதே ஐந்திணைதான்!

அப்போ நமக்கு அதை ஒரு அட்டவணையா சொல்லிக்கொடுத்துட்டாங்க. அதனாலயே அதுக்குள்ள இருந்த விளையாட்டு புரியாமப் போச்சு. நிலமும் பொழுதும் முதற்பொருள். அங்க இருக்கிற பூ, பறவை, விலங்கு, தெய்வம், தொழில் எல்லாம் கருப்பொருள். அங்க மனசுக்குள்ள நடக்கிறது உரிப்பொருள். ஒரு பாட்டுல குறிஞ்சிப் பூவும் நள்ளிரவும் வந்துட்டா போதும், 'காதல்'னு ஒரு வார்த்தை இல்லாமலே கேட்கிறவங்களுக்குப் புரிஞ்சிடும். ரீல்ஸ்ல முதல் ரெண்டு செகண்ட் பேக்ரவுண்டு மியூசிக் செய்ற வேலையை அன்னைக்கு ஒரு பூ செஞ்சது.

சரி, இது நிஜ நிலமா, கற்பனையா? தொல்காப்பியம் ரெண்டுக்கும் நடுவுல நிக்குது. நாடக வழக்கும் உலகியல் வழக்கும் கலந்ததுதான் அகப்பாட்டோட உலகம்னு சொல்லுது. அதாவது, மலையும் குரங்கும் நிஜம். அங்க போனா இதுதான் தோணும்ங்கிற விதி புலவர்கள் போட்டது. அகப்பாட்டுல காதலன், காதலி பேரைச் சொல்லவே கூடாது. யார் வேணும்னாலும் உள்ளே நுழைஞ்சு 'இது என் கதை'ன்னு சொல்லிக்கலாம். 'ஐங்குறுநூறு'ல ஒரு திணைக்கு 100 பாட்டுன்னு 500 பாட்டு. ஐந்து திணைக்கு ஐந்து புலவர்கள். குறிஞ்சி டிபார்ட்மென்ட் கபிலருக்கு! இந்தப் பாட்டுகளை ஆங்கிலத்துக்குக் கொண்டுபோன ஏ.கே.ராமானுஜன், 1967-ல வந்த தன் புத்தகத்துக்கு வெச்ச பேரோட அர்த்தமே 'உள்ளே இருக்கும் நிலம்'தான்.

இந்த மேப்பைக் கையில எடுத்துக்கிட்டு தருமபுரிக்கு வாங்க. அதியமான் நெடுமான் அஞ்சி ஆண்ட, ஔவையார் வந்துபோன தகடூர்தான் இன்னைக்குத் தருமபுரி. கடல் கிடையாது, அதனால நெய்தல் அவுட். குறிஞ்சிக்குக் கஷ்டமே இல்லை. காபியும் சாமையும் விளையுற வத்தல்மலை, அரூர் பக்கம் சித்தேரி மலை. குறிஞ்சிக்குரிய நேரம் யாமம், அதாவது நள்ளிரவு. பருவம், குளிரும் முன்பனியும். மார்கழி ராத்திரி வத்தல்மலையில நின்னா, பக்கத்துல யாராவது இருந்தா நல்லா இருக்கும்னு ஏன் தோணுதுன்னு தனியா விளக்க வேண்டியதில்லை.

முல்லைக்கு பென்னாகரம் காடு. முல்லை நில மக்கள் ஆயர்கள், மாடுதான் அவங்க சொத்து. இந்தப் பக்கத்து ஆலம்பாடி மாடுகளுக்கு இன்னைக்கும் தனி மரியாதை இருக்கு. முல்லையோட உணர்வு, காத்திருப்பு. மழைக்காலம், மாலை நேரம், 'வந்துடுவேன்'னு சொல்லிட்டுப் போனவருக்காக வாசல்ல ஒரு பொண்ணு. மாடுகளைக் காப்பாத்தப்போய் செத்த வீரர்களோட நடுகற்கள் இந்த மாவட்டத்துல நிறைய. தருமபுரி அகழ்வைப்பகத்துலயும் பார்க்கலாம். கல்லுல இருக்கிற வீரனைத்தான் எல்லாரும் போட்டோ எடுப்பாங்க. அந்த வீட்டு வாசல்ல காத்திருந்தவங்களை முல்லைப் பாட்டு படிச்சாதான் ஞாபகம் வரும்.

மருதம்தான் இங்க சிக்கல். காவிரி ஓடுது, ஆனா ஒகேனக்கல்ல பாறையைக் குடைஞ்சு, பள்ளத்துல ஓடுது. பரிசல்ல போய்ப் பார்க்கலாம். மேட்டுல இருக்கிற வயலுக்குத் தண்ணி ஏறாது. அங்கிருந்து மேட்டூர் அணைக்குப் போயிடும். டெல்டாவுக்குப் போனப்புறம்தான் அந்த ஆறு மருதம் ஆகுது. காவிரி உபரி நீரை ஏரிகளுக்குக் கொண்டுவரணும்னு இந்த மாவட்டத்துக்காரங்க வருஷக்கணக்கா கேட்டுட்டு இருக்காங்க. நிலத்தடி நீர்ல ஃபுளோரைடு பிரச்னை வேற. அதுக்காகவே வந்த ஒகேனக்கல் கூட்டுக்குடிநீர்த் திட்டம் 2013-லதான் பயன்பாட்டுக்கு வந்தது. மருதத்துக்குரிய உணர்வு ஊடல். தண்ணி கண்ணு முன்னாடி போகுது, வயலுக்கு வரலைன்னா ஊடல் வராம என்ன செய்யும்?

மிச்சம் இருக்கிறது பாலை. இந்த மேப்லயே எனக்கு ரொம்பப் பிடிச்ச இடம் இதுதான். தொல்காப்பியம் மத்த நாலு திணைக்கும் நிலம் பிரிச்சுக்கொடுத்துட்டு, நடுவுல இருக்கிற பாலைக்கு மட்டும் தனி நிலம் கொடுக்கலை. முல்லையும் குறிஞ்சியும் மழை இல்லாம, வெயில்ல காய்ஞ்சு தன் இயல்பை இழந்தா அதுதான் பாலைன்னு சிலப்பதிகாரம் சொல்லுது. அப்போ பாலைங்கிறது ஒரு ஊர் இல்லை, எந்த ஊருக்கும் வரக்கூடிய ஒரு நிலைமை. அங்க என்ன நடக்கும்? பொருள் தேடி ஆம்பளை கிளம்புவான், வீட்டுல இருக்கிறவங்க வழியை நினைச்சு பயப்படுவாங்க.

மழை பொய்ச்ச வருஷத்துல தருமபுரியில நடக்கிறதும் இதேதான். போர் வத்தும், நிலம் சும்மா கிடக்கும், பசங்க பெங்களூருக்கும் திருப்பூருக்கும் பஸ் ஏறுவாங்க. இப்போ பொண்ணுங்களும்தான், இது சங்கப்புலவர்கள் யோசிக்காத பாலை. பாட்டுல வழிப்பறிக் கள்வர்கள் இருக்கிற சுரம் வரும். இங்க சேலம் போற ரோட்டுல, விபத்துக்குப் பேர்போன தொப்பூர் கணவாய் இருக்கு. 'கணவாய் தாண்டுனதும் போன் பண்ணு'ன்னு சொல்ற அம்மாவுக்கு ஐந்திணை தெரியணும்னு அவசியம் இல்லை.

முல்லைப் பாட்டுகள்ல ஒரு சீன் திரும்பத் திரும்ப வரும். போன வேலை முடிஞ்சு, மழை தொடங்குற நேரத்துல வீடு திரும்புறவன், 'இன்னும் வேகமா ஓட்டுப்பா'ன்னு தேர்ப்பாகனை அவசரப்படுத்துவான். பொங்கல், தீபாவளிக்கு முந்தின ராத்திரி ஓசூர், கிருஷ்ணகிரி வழியா தருமபுரிக்கு வர்ற பெங்களூரு பஸ்ல ஒருதடவை நின்னுக்கிட்டே வந்து பாருங்க. தேர்ப்பாகனுக்குப் பதிலா டிரைவர், அவ்வளவுதான் வித்தியாசம். வீட்டுல இருந்து போன்: "இப்ப எங்கடா வந்துட்டு இருக்க?"