கார்டு போகும், பணம் போகுமா?

செங்கற்பட்டிலிருந்து அயல்நாட்டுக்குப் பார்சல் போகிறது. உள்ளே என்ன இருக்கும்? வடாம், அப்பளம், பருப்புப் பொடி, மாவடு. தீபாவளி சமயமானால் அதிரசம். இந்தக் காலத்தில் இவற்றுக்கு நடுவே இன்னொரு சரக்கும் ஓசைப்படாமல் போகிறது. நீளம் 85.6 மில்லிமீட்டர், அகலம் 54 மில்லிமீட்டர், கனம் ஒரு மில்லிமீட்டர் கூட இல்லை. பாங்கி கொடுத்த கார்டுதான் அது!

பிள்ளை மேல்படிப்புக்குப் போய் இரண்டு வருஷம் ஆகிறது. கையில் இருந்த பழைய கார்டு காலாவதியாகிவிட்டது. பாங்கி புதுக் கார்டு அனுப்பியிருக்கிறது. எங்கே? செங்கற்பட்டு வீட்டு விலாசத்துக்கு! கணக்குப் புத்தகத்தில் இருப்பது அந்த விலாசம்தானே? பிள்ளையோ கடலுக்கு அப்பால் இருக்கிறான்.

"அடுத்த வாரம் தெரிந்தவர் ஒருவர் அந்த ஊருக்குப் போகிறார். அவர் கையில் கொடுத்துவிட்டால் போகிறது" என்கிறார் தகப்பனார். "ரகசிய எண்ணையும் ஒரு சீட்டில் எழுதி உள்ளே வைத்துவிடுங்கள்" என்கிறார் தாயார். பெற்ற மனம் அப்படித்தான் சொல்லும். ஆனால் இதைவிட ஆபத்தான கடிதம் வேறு இல்லை.

முன்பெல்லாம் பாங்கிகள் கார்டை ஓர் உறையிலும் ரகசிய எண்ணை மற்றோர் உறையிலும் அனுப்பும். இரண்டும் ஒரே நாளில் வராது. திருடன் ஒரு தபாலைத் திருடினால் போதாது. இரண்டையும் திருட வேண்டும். அவ்வளவு யோசித்துச் செய்த ஏற்பாட்டை ஒரு துண்டுச் சீட்டு அழித்துவிடுகிறது.

நஷ்டம் யாருக்கு?

கார்டு தொலைந்து பணம் போனால் பாங்கி தராதா என்று கேட்கலாம். இதற்கு ரிசர்வ் பாங்கி 2017 ஜூலை 6-ந் தேதி ஒரு விதி வகுத்தது. வாடிக்கையாளர் மீதோ பாங்கி மீதோ குற்றம் இல்லாமல் வேறு எங்கோ நடந்த கோளாறினால் பணம் போயிருந்தால், பாங்கியிடமிருந்து தகவல் வந்து 3 வேலை நாட்களுக்குள் புகார் செய்பவருக்கு நஷ்டம் கிடையாது. ஆனால் ரகசிய எண்ணைத் தாமே பிறரிடம் கொடுத்திருந்தால், புகார் செய்கிற நிமிஷம் வரை போன பணம் முழுவதும் அவர் தலையில்தான் விடியும். சீட்டில் எழுதி வைப்பதும் கொடுப்பதுதான்.

சரி, கார்டு பத்திரமாகப் போய்ச் சேர்ந்துவிட்டது என்றே வைத்துக்கொள்வோம். பிள்ளை அதை எடுத்துக்கொண்டு அங்குள்ள ஏ.டி.எம்.முக்குப் போகிறான். இயந்திரம் கார்டை வாங்கிப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்துவிடுகிறது. காரணம், 2020-ல் ரிசர்வ் பாங்கி கொண்டு வந்த இன்னொரு விதி. அதன்படி புதிதாக வழங்கும் கார்டு முதலில் இந்தியாவுக்குள் உள்ள ஏ.டி.எம்.களிலும் கடைகளிலும் மட்டுமே வேலை செய்யும். வெளிநாட்டில் வேலை செய்ய வேண்டுமானால், கார்டுக்கு உரியவர் அந்த வசதியைத் தாமே திறந்து வைக்க வேண்டும். பழைய கார்டில் இந்த வசதி திறந்திருந்தது என்பதற்காகப் புதுக் கார்டிலும் திறந்திருக்கும் என்று நம்ப முடியாது.

திறப்பதற்கு ஒரு ரகசிய எண் செல்போனுக்கு வரும். எந்தச் செல்போனுக்கு? ஊரில் வாங்கிய பழைய எண்ணுக்கு! அந்த சிம் கார்டோ ஊர் விட்ட மறு மாதமே மேஜை இழுப்பறைக்குள் போய்விட்டது. ரீசார்ஜ் செய்ய யாருக்கும் நினைவில்லை. இணைப்புத் துண்டிக்கப்பட்ட எண்ணை 90 நாட்கள் வரை வேறு யாருக்கும் தருவதில்லை என்று டிராய் அமைப்பு 2023-ல் சுப்ரீம் கோர்ட்டில் தெரிவித்தது. அதற்குப் பிறகு அது யார் கைக்கும் போகலாம். பிள்ளையின் பாங்கிக் கணக்குக்கான செய்திகள் முன்பின் தெரியாத ஒருவர் போனில் போய் விழுவதை நினைத்துப் பாருங்கள்!

கிரெடிட் கார்டானால் இன்னொரு சங்கடமும் உண்டு. வழங்கிய 30 நாட்களுக்குள் அதை இயக்கி வைக்காவிட்டால், உரியவரின் சம்மதத்தைப் பாங்கி மறுபடி கேட்க வேண்டும். சம்மதம் வராவிட்டால் கணக்கையே மூடிவிட வேண்டும். இது 2022-ல் வந்த உத்தரவு. ஊறுகாயோடு போகும் கார்டு ஊர் ஊராகச் சுற்றிப் போய்ச் சேருவதற்குள் உயிரை விட்டிருக்கும்.

ஆக, போவது பிளாஸ்டிக் துண்டு. அதற்கு உயிர் கொடுக்கும் ரகசிய எண்ணும் போனும் ஆளும் சேர்ந்து ஓரிடத்தில் இல்லாவிட்டால் அதனால் காலணாவுக்குப் பயன் இல்லை.

கார்டை வாடகைக்குக் கேட்பவர்கள்

இந்த மூன்றும் ஓரிடத்தில் சேர்ந்தால்தான் பயன் என்பது திருடர்களுக்கும் தெரியும். அதனால்தான் ஒரு புது வியாபாரம் முளைத்திருக்கிறது. "உன் பெயரில் ஒரு கணக்குத் திற. ஏ.டி.எம். கார்டையும் சிம் கார்டையும் எங்களிடம் கொடு. மாதாமாதம் ஒரு தொகை தருகிறோம்" என்று இளைஞர்களிடம் பேசுகிறார்கள். அப்படிச் சேர்க்கும் கார்டுகளும் சிம்களும் கடல் தாண்டிப் போகின்றன. அங்கே உட்கார்ந்திருக்கும் மோசடிக் கும்பல் இங்கே யாரையோ ஏமாற்றிப் பறித்த பணம் அந்தக் கணக்கு வழியாக ஓடுகிறது. போலீசார் வந்து கதவைத் தட்டுவது யார் வீட்டில்? கணக்குக்கு உரியவர் வீட்டில்!

இத்தகைய கணக்குகளைக் கண்டுபிடிக்க ரிசர்வ் பாங்கியே தனியாக ஒரு கருவி செய்ய வேண்டி வந்தது. தன் பெயருள்ள கார்டைப் பிறருக்கு அனுப்பச் சொல்லிக் கேட்பவர் நண்பரோ, ஏஜெண்டோ, வேலை தருவதாகச் சொன்னவரோ, யாராக இருந்தாலும் சந்தேகப்பட வேண்டியதுதான். ஏற்கெனவே கொடுத்துவிட்டவர்கள் வெட்கப்பட்டுக்கொண்டு சும்மா இருக்க வேண்டாம். உடனே பாங்கிக்குச் சொல்லிக் கார்டை நிறுத்திவிட்டு, 1930 என்ற எண்ணுக்குப் போன் செய்யலாம்.

செட்டியார் உண்டியலும் இரண்டு கையெழுத்தும்

பணத்தைக் கடல் கடந்து அனுப்புவது தமிழர்களுக்குப் புதிது அல்ல. ரங்கூன், பினாங்கு, கொழும்பு நகரங்களில் கடை வைத்திருந்த நாட்டுக்கோட்டைச் செட்டியார்கள், பணத்தைத் தூக்கிக்கொண்டு போகாமல் உண்டியல் எழுதியே காரியத்தை முடித்தார்கள். சீட்டு ஒரு ஊரில் எழுதப்படும். பணம் இன்னொரு ஊரில் கிடைக்கும். சீட்டு எழுதியவரின் கை இந்தக் கடைக்காரருக்குத் தெரியும். கொண்டு வந்தவர் யார் என்பதும் தெரியும். பிறகு என்ன?

தெரியாத ஊருக்குப் போனால்தான் தொல்லை. அமெரிக்கன் எக்ஸ்பிரஸ் கம்பெனியின் தலைவர் பார்கோ என்பவர் ஐரோப்பாவுக்குப் போயிருந்தபோது, கையில் இருந்த கடன் கடிதத்தைப் பெரிய பட்டணங்களுக்கு வெளியே மாற்ற முடியாமல் திண்டாடினார். கம்பெனித் தலைவருக்கே இந்தக் கதி! திரும்பி வந்ததும் தம் கீழ் இருந்த பெர்ரி என்பவரிடம் வழி கண்டுபிடிக்கச் சொன்னார். 1891-ல் பிறந்தது 'டிராவலர்ஸ் செக்'. அதன் சூட்சுமம் மிகவும் எளிது. வாங்கும்போது ஒரு கையெழுத்து. மாற்றும்போது ஒரு கையெழுத்து. இரண்டும் ஒத்திருந்தால் பணம். செக்கைத் திருடியவனுக்குக் கையெழுத்தைத் திருடத் தெரிய வேண்டும்.

1950-ல் நியூயார்க்கில் டைனர்ஸ் கிளப் கார்டு வந்தது. அப்போது அது வெறும் அட்டைதான். பிளாஸ்டிக் கூட இல்லை. உண்டியலுக்கு முகம், செக்குக்குக் கையெழுத்து, இன்றைய கார்டுக்கு ரகசிய எண்ணும் போனும். தாள் மாறியது, மை மாறியது. ஆளை அடையாளம் காட்ட வேண்டிய கட்டாயம் மட்டும் மாறவே இல்லை.

பெயர் படுத்தும் பாடு

அப்படியானால் பிள்ளைக்கு என்ன வழி? புறப்படுவதற்கு முன்பே அவன் பெயரில் 'பாரெக்ஸ் கார்டு' வாங்கிவிடலாம். இது முன்பணம் போட்டு வைக்கும் கார்டு. சில பாங்கிகள் இதோடு மாற்றுக் கார்டு ஒன்றையும் சேர்த்தே தருகின்றன. ஒன்று தொலைந்தால் மற்றொன்று. இரண்டையும் ஒரே பர்சில் வைத்துக்கொள்ளும் புத்திசாலிகளும் இருக்கிறார்கள். அவர்களுக்கு யாரும் உதவி செய்ய முடியாது! இருப்புக் குறைந்தால் தகப்பனார் இங்கிருந்தபடியே பாங்கியில் உரிய பாரத்தை நிரப்பிக் கொடுத்துப் பணம் சேர்க்கலாம். இந்தியாவில் வசிக்கும் ஒருவர் ஒரு நிதியாண்டில் 2,50,000 டாலர் வரை இப்படி வெளியே அனுப்ப ரிசர்வ் பாங்கி அனுமதிக்கிறது. நம்மில் பெரும்பாலோருக்கு அந்த எல்லை ஒரு தடையாக இராது.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். வெளிநாட்டில் படிக்கப் போனவர்களையும் வெளிநாடு வாழ் இந்தியர்களாகவே கருத வேண்டும் என்று 2003 டிசம்பரிலேயே ரிசர்வ் பாங்கி சொல்லிவிட்டது. ஆகவே ஊரில் உள்ள சாதாரண சேமிப்புக் கணக்கை என்.ஆர்.ஓ. கணக்காக மாற்றிக்கொள்ள வேண்டும். அப்போதே வெளிநாட்டு விலாசத்தையும் கொடுத்துவிட்டால், சில பாங்கிகள் அடுத்த கார்டை நேராக அங்கேயே அனுப்பிவிடும். ஊறுகாயோடு அனுப்ப வேண்டிய அவசியமே இல்லை.

எல்லாவற்றிலும் மேலானது, போன ஊரிலேயே ஒரு கணக்குத் திறந்து அந்த ஊர்க் கார்டை வாங்கிக்கொள்வது. ஆனால் இதிலும் தமிழ்ப் பிள்ளைகளுக்கென்றே ஒரு சோதனை காத்திருக்கிறது.

நம்மிடம் குடும்பப் பெயர் என்று ஒன்று இல்லை. தகப்பனார் பெயரின் முதல் எழுத்தைத் தலையெழுத்தாகப் போட்டுக்கொள்கிறோம். பாஸ்போர்ட்டு விண்ணப்பமோ குடும்பப் பெயரைக் கேட்கிறது. பலர் அங்கே தகப்பனார் பெயரை எழுதிவிடுகிறார்கள். இந்தப் பாஸ்போர்ட்டோடு ஒருவன் ஜெர்மனிக்குப் படிக்கப் போகிறான். பாங்கி அவனுக்குக் கார்டைத் தபாலில் அனுப்புகிறது. உறையின் மேல் கொட்டை எழுத்தில் தகப்பனார் பெயர்!

ஜெர்மனியில் அடுக்கு மாடி வீடுகளுக்குப் பெரும்பாலும் கதவு எண் கிடையாது. தெருவும் கட்டடத்தின் எண்ணும்தான் விலாசம். தபால்காரர் கீழே வரிசையாக உள்ள பெட்டிகளில் ஒட்டியிருக்கும் குடும்பப் பெயரைப் பார்த்துத்தான் கடிதத்தைப் போடுவார். பையன் தன் சொந்தப் பெயரை மட்டும் அழகாக எழுதி ஒட்டியிருப்பான். தபால்காரர் தேடுவதோ அப்பாவின் பெயரை! கிடைக்காவிட்டால் கார்டு வந்த வழியே பாங்கிக்குத் திரும்பிவிடும். பையன் மாதக் கணக்கில் காத்திருந்தாலும் வராது. செங்கற்பட்டில் இருக்கும் தகப்பனார் பெயரைப் பெர்லின் தபால் பெட்டியில் ஒட்டினால்தான் பிள்ளைக்குப் பணம் கிடைக்கும் என்பது எவ்வளவு வேடிக்கை!

வேடிக்கைதான், ஆனால் அங்கே மாட்டிக்கொண்டவனுக்கு அல்ல. ஜெர்மனியில் படிக்கப் போகிறவர் 'பிளாக்டு அக்கவுண்ட்' என்ற கணக்கில் ஓர் ஆண்டுச் செலவை முன்கூட்டியே கட்டிக் காட்ட வேண்டும். 2024 செப்டம்பரில் அந்தத் தொகை 11,904 யூரோ என்று ஆயிற்று. அதையும் மொத்தமாக எடுக்க முடியாது; மாதம் 992 யூரோதான். அது வந்து விழுவதற்கு ஓர் உள்ளூர்க் கணக்கு வேண்டும். செலவழிக்கக் கார்டு வேண்டும். பணம் இருந்தும் பட்டினி என்பது இதுதான்.

மாமல்லபுரத்தில் எதிர்த் திசை

நம் பிள்ளைகள் அங்கே படும் பாட்டை, அந்த நாட்டார் இங்கே மாமல்லபுரத்தில் படுகிறார்கள். கடற்கரைக் கோயிலும் ஐந்து ரதங்களும் பார்க்க வரும் வெளிநாட்டார் கொஞ்சநஞ்சம் அல்ல. 2021-22-ல் மாமல்லபுரம் வந்த வெளிநாட்டார் 1,44,984 பேர். கட்டணம் வாங்கும் தொல்பொருள் துறைச் சின்னங்களில் அந்த ஆண்டு வெளிநாட்டார் மிகுதியாக வந்தது இங்கேதான். தாஜ்மகால் கூடப் பின்தங்கிவிட்டது! 2022 ஜூலை 28 முதல் ஆகஸ்ட் 10 வரை சதுரங்க ஒலிம்பியாட் நடந்தபோது 180-க்கும் மேற்பட்ட நாடுகளிலிருந்து ஆட்டக்காரர்கள் வந்து குவிந்தார்கள்.

ஒற்றவாடைத் தெருவில் தங்கியிருக்கும் ஓர் உல்லாசப் பிரயாணியின் கார்டு கடலலையோடு போய்விட்டால் என்ன செய்வார்? அவர் ஊரிலிருந்து உறவினர் ஒரு கார்டை அனுப்புவாரா? அவசியம் இல்லை. விசா, மாஸ்டர்கார்டு நிறுவனங்கள் இதற்கென்றே உதவி எண்கள் வைத்திருக்கின்றன. அவருடைய பாங்கி ஒப்புக்கொண்டால், அவர் தங்கியிருக்கும் இடத்துக்கே சில நாட்களில் அவசரக் கார்டு வந்து சேரும். ஆனால் அது தற்காலிகக் கார்டு, பெரும்பாலும் ஏ.டி.எம்.மில் ஓடாது. கடையில் காட்டலாம்.

சங்கு மாலை விற்கும் பெண்ணிடமும் இளநீர் வண்டிக்காரரிடமும் அதைக் காட்டி என்ன பயன்? அவர்களிடம் இருப்பது 'கியூ.ஆர்.' அட்டை. இந்தியாவில் பாங்கிக் கணக்கு இல்லாதவர் அதன் முன்னால் கையைப் பிசைந்துகொண்டு நிற்க வேண்டியதாக இருந்தது. 2023 பிப்ரவரியில் ஜி-20 நாடுகளிலிருந்து வந்தவர்களுக்காக ஒரு புது ஏற்பாடு தொடங்கியது. 2024-ல் எல்லா நாட்டாருக்கும் விரிந்த அந்த ஏற்பாட்டின் பெயர் 'யு.பி.ஐ. ஒன் வேர்ல்டு'. கார்டே வேண்டாம், தபாலும் வேண்டாம். பிரயாணி பாஸ்போர்ட்டையும் விசாவையும் நேரில் காட்டி, போனில் ரூபாய் நிரப்பிக்கொள்கிறார்.

இங்கும் முதலில் கேட்பது ஆள் யார் என்பதைத்தான். நேரில் வந்து முகத்தைக் காட்ட வேண்டும். காட்டியபின் இளநீருக்கும் கொடுக்கலாம்; கற்சிலைக்கும் கொடுக்கலாம். ஊர் சுற்றி முடித்துப் புறப்படும்போது மீதி ரூபாய் இருந்தால், எந்த வழியாக வந்ததோ அந்த வழியாகவே அவர் நாட்டுக்குத் திரும்பிப் போய்விடும்.