மாண்டவருக்காக வாதாடிய பேனா!

வால்டேர் என்றதும் அவர் தீட்டிய நாடகங்களும் நையாண்டி ஏடுகளும் நினைவுக்கு வரும். நாம் இன்று கூற விரும்புவது அவை பற்றி அல்ல; ஒரு துணி வணிகரின் வழக்குப் பற்றி.

பிரான்சு நாட்டு டுலூஸ் நகரில் கடை வைத்திருந்தவர் ஜீன் காலாஸ். ஊர் கத்தோலிக்க ஊர், அவரோ புராட்டஸ்டண்டு. 1761 அக்டோபர் 13 இரவு, உணவு முடிந்த வேளை, மூத்த மகன் கடைக்குள் பிணமாகக் காணப்பட்டான். கூட்டம் கூடிற்று. மகன் மதம் மாற இருந்தானாம். அதனால் தந்தையே கொன்றுவிட்டாராம்! எவனோ கிளப்பினான், ஊர் நம்பிற்று.

கண்டவர் உண்டா? இல்லை. வதந்தி உண்டு, மதவெறி உண்டு. நீதிமன்றத்துக்கு அவையே போதுமானவையாக இருந்தன! 1762 மார்ச் 10-ல், அறுபது கடந்த அந்தக் கிழவரைச் சக்கரத்தில் கட்டி, எலும்பை முறித்துக் கொன்றனர். குற்றமற்றவன் என்றே கடைசிவரை கூறி மாண்டார். பெண்மக்களைக் கன்னிமாடங்களில் அடைத்தனர்.

சேதி வால்டேருக்கு எட்டிற்று. வயது 67; நோயாளி. காலாஸ் அவருக்கு உறவினரல்ல, நண்பருமல்ல. கேட்டதும் நம்பிவிடவும் இல்லை அவர். ஜெனீவாவில் அடைக்கலம் புகுந்திருந்த இளைய மகனை அழைத்துத் துருவித் துருவிக் கேட்டார். பல இடங்களுக்கு எழுதி விவரம் திரட்டினார். உண்மை தெளிவாயிற்று, எடுத்தார் பேனாவை!

அமைச்சர்களுக்குக் கடிதம், சீமாட்டிகளுக்குக் கடிதம், விதவைக்கு வழக்கறிஞர், வழக்குக்குப் பணம். 1763-ல் சகிப்புத்தன்மை பற்றி ஒரு நூல்.

மாண்டவர் மீளப் போவதில்லையே, ஏன் இந்தப் பாடு என்று கேட்கத் தோன்றும். அடுத்து அந்தச் சக்கரத்தில் எவர் கட்டப்படுவாரோ, அவருக்காகவும்தான் தோழர்களே, அந்தப் பாடு!

1764-ல் பழைய தீர்ப்பு ரத்தாயிற்று. 1765 மார்ச் 9-ல் காலாஸ் குற்றமற்றவர் என்று புதிய தீர்ப்பு வந்தது. குடும்பத்துக்கு மன்னன் 36,000 லிவர் அளித்தான். மூன்றாண்டு உழைப்பு! ஒரு கிழவரின் பேனாவுக்கு முன், அங்கி அணிந்த நீதிபதிகளின் தீர்ப்பு நிற்கவில்லை.

வால்டேர் 1778-ல் மறைந்தார். புரட்சி வெடித்தபின், 1791-ல் அவர் உடலைப் பாரிஸ் மக்கள் ஊர்வலமாகப் பாந்தியன் மண்டபத்துக்குக் கொண்டு சென்றனர். அந்தப் பேழையின்மீது காலாசின் பெயரையும் பொறித்திருந்தனர்.

பேரறிஞர் பேழையிலே துணிக்கடைக்காரர் பெயர்! எழுதுகோல் பிடித்தவனுக்கு இதனினும் பெரிய பட்டம் எது?