மகனைவிட 4 வயதே மூத்த அப்பா!

சினிமாவில் அப்பா வேஷம் போட எத்தனை வயது ஆகியிருக்க வேண்டும்? ஐம்பதா? அறுபதா?

வி.எஸ்.ராகவனுக்கு அப்போது 39 வயது கூட முழுதாக ஆகியிருக்கவில்லை. மேக்கப் அறைக்குப் போனார். தலையில் நரை ஏறியது. முத்துராமனுக்கு அப்பா ஆகிவிட்டார்!

அந்தப் படம் 1964-ம் ஆண்டு வெளிவந்த ஸ்ரீதரின் "காதலிக்க நேரமில்லை." முத்துராமன் பிறந்தது 1929-ல். ராகவன் பிறந்தது 1925-ல். அப்பாவுக்கும் மகனுக்கும் 4 வயதுதான் வித்தியாசம்!

இதில் இன்னொரு வேடிக்கையும் உண்டு. கதைப்படி, முத்துராமன் தாடி ஒட்டிக்கொண்டு, தன் சிநேகிதன் ரவிச்சந்திரனுக்கு அப்பாவாக வேஷம் போடுவார். பாலையா அதை அப்படியே நம்பிவிடுவார். ஒட்டுத்தாடிக் கிழவர் ஒருவர், நிஜ அப்பா ஒருவர். இருவருமே வாலிபம் தாண்டாதவர்கள். ஆனாலும் கொட்டகையில் யாரும் ராகவனைப் பார்த்து, "இவர் கிழவர் இல்லை" என்று சொல்லவில்லை.

செங்கல்பட்டு ஜில்லாக்காரர்

ராகவன் பழைய செங்கல்பட்டு ஜில்லாவின் கிராமம் ஒன்றில் 1925-ம் ஆண்டு பிப்ரவரி 18-ந் தேதி பிறந்தவர்.

அந்த ஜில்லாவுக்கும் நாடகத்துக்கும் பழைய உறவு உண்டு. தமிழ் நாடகத்தின் தந்தை என்று போற்றப்படும் சம்பந்த முதலியாரின் பெயருக்கு முன்னால் நிற்கும் "பம்மல்" அந்தப் பக்கத்து ஊர்தான். அவர் 1891-ல் சுகுண விலாச சபையைத் தொடங்கினார். படித்தவர்கள், வக்கீல்கள் எல்லாம் அரிதாரம் பூசி மேடை ஏறினார்கள். அதற்கு முன்பு, "கூத்தாடி" என்று சொல்லி ஒதுக்கி வைத்தவர்களே அதிகம்.

ராகவனும் எழுத்து வேலையில் இருந்து வந்தவர்தான். சென்னைக்கு வந்து, "மாலதி" என்ற பத்திரிகையில் உதவி ஆசிரியராக இருந்தார். பேனா பிடித்த கை பிறகு நாடகத்துக்குப் போயிற்று. 1954-ல் "வைரமாலை" படத்தின் மூலம் சினிமாவுக்கு வந்தார்.

போஸ்டரில் இடம் இல்லை

குணச்சித்திர நடிகரின் பிழைப்பு விசித்திரமானது. கொட்டகை வாசலில் அவர் படம் பெரிதாக இருக்காது. அவருக்காக யாரும் டிக்கெட் வாங்க மாட்டார்கள். இத்தனை நாள் வேலை, இவ்வளவு சம்பளம். அத்துடன் சரி. மறுநாள் வேறு ஸ்டூடியோ. அங்கே வேறு ஒரு கதாநாயகிக்கு அப்பா.

ஆனால் அவர் சரியாக நடிக்காவிட்டால் கதாநாயகன் அழுதாலும் ஜனங்கள் அழ மாட்டார்கள். வீட்டில் ஒரு பெரியவர் இருக்கிறார், அவர் மனம் நோகிறது என்று ஜனங்கள் நம்பினால்தான் கதை நகரும்.

ராகவனுக்குக் கை கொடுத்தது குரல். நிதானமாகப் பேசுவார். லேசாக நடுங்கும், இழுபடும். ஆனாலும் ஒரு எழுத்து கூடத் தேயாது. மேடையில் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி பேசிப் பழகியவர்களுக்கு வரும் சுத்தம் அது. கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலும், "வி.எஸ்.ராகவன்!" என்று குழந்தை கூடச் சொல்லிவிடும்.

பெட்டிக்குள் வந்த நாடகம்

1975-ம் ஆண்டு ஆகஸ்டு 15-ந் தேதி சென்னை டெலிவிஷன் நிலையம் தொடங்கியது. படம் கறுப்பு வெள்ளை. செங்கல்பட்டிலும், திருக்கழுக்குன்றத்திலும், மாமல்லபுரம் கடற்கரை ஊர்களிலும் வசதி உள்ளவர்கள் கூரைக்கு மேல் உயரமாக ஆன்டெனா கட்டினார்கள். காற்று அடித்தால் படம் ஆடும். ஒருவர் மேலே ஏறித் திருப்புவார். "வந்துவிட்டதா?" என்று கத்துவார். கீழே இருந்து, "இல்லை, இல்லை, இன்னும் கொஞ்சம்!" என்று குரல் வரும். ஒரு வீட்டில் பெட்டி இருந்தால் தெருவே அந்த வீட்டுத் திண்ணையில் இருக்கும்.

வெள்ளிக்கிழமை "ஒளியும் ஒலியும்." செவ்வாய்க்கிழமை நாடகம்.

இந்தச் சின்னப் பெட்டியில் குதிரைச் சண்டை எடுபடாது. ஆயிரம் பேர் கூடும் அரண்மனையும் எடுபடாது. ஒரு கூடம், நாலு நாற்காலி, பேசுகிற முகம். இவ்வளவுதான் எடுபடும். சினிமாவில் ஓரத்தில் நின்ற முகங்களுக்கு இங்கே நடுவில் இடம் கிடைத்தது. சபா நாடகங்களில் பழகியவர்களுக்கு இது சொந்த வீடு மாதிரி. ராகவனும் சினிமாவோடு டெலிவிஷனிலும் நடிக்கலானார்.

1982-ல் வண்ணம் வந்தது. 1993-ல் தனியார் டெலிவிஷன் வந்தது. பிறகு தினமும் தொடர்கதைகள். தொடர் என்றால் குடும்பம். குடும்பம் என்றால் ஒரு தாத்தா வேண்டும்!

அப்போது ராகவனுக்கு 68 வயது. நரை போட மேக்கப்காரர் தேவைப்படவில்லை. முப்பது வருஷமாக அவர் போட்டுவந்த வேஷத்தை வயது வந்து பிடித்துவிட்டது. அவரோடு நடித்த கதாநாயகர்கள் பலர் படவுலகை விட்டே போய்விட்டார்கள். முத்துராமன் 1981-லேயே காலமாகிவிட்டார். "அப்பா" மட்டும் தாத்தாவாகி, தொடர்ந்து நடித்துக்கொண்டிருந்தார்.

2012-ல் சுந்தர்.சி.யின் "கலகலப்பு" வந்தது. அதில் விமலுக்கும் சிவாவுக்கும் ராகவன் தாத்தா. அப்போது அவருக்கு வயது 87. அந்தப் படத்துக்கு வந்த இளைஞர்களில் பலர் "காதலிக்க நேரமில்லை" வந்தபோது பிறக்கவே இல்லை. ஆனாலும் அவர் வாயைத் திறந்ததும் சிரித்தார்கள்.

2015-ம் ஆண்டு ஜனவரி 24-ந் தேதி சென்னையில் ராகவன் காலமானார். 90 வயது நிறைய இன்னும் 25 நாள்தான் பாக்கி இருந்தது.

கோயில் திருவிழாவிலோ கல்யாண வீட்டிலோ மிமிக்ரி கலைஞர் மைக்கைப் பிடிக்கிறார். எம்.ஜி.ஆர். குரல், சிவாஜி குரல் எல்லாம் ஆகிறது. பிறகு தொண்டையைக் கனைத்துக்கொண்டு, மெல்ல நடுங்கும் குரலில், இழுத்து இழுத்துப் பேச ஆரம்பிக்கிறார். யார் குரல் என்று அவர் சொல்வதற்குள் கைதட்டல் வந்துவிடுகிறது.