பிள்ளை வாந்தி எடுக்கிறதா? இதெல்லாம் தெரியுமா?

தாப்பாவில் ஏறி, ரிங்லெட், தானா ராத்தா தாண்டி பிரிஞ்சாங் வந்து சேர்வதற்குள் எத்தனை வளைவுகள்! பெரியவர்களுக்கே குமட்டும். மடியில் இருக்கும் கைக்குழந்தை வாந்தி எடுத்தாலும் வளைவின் மேல் பழியைப் போட்டுவிடுகிறோம். ஆனால், இரண்டு வயதுக்குள் பயண வாந்தி வருவதே அபூர்வம், தெரியுமா? அப்படியென்றால் காரணம் வேறு. அதைத் தேடுங்கள்!

பால் குடித்ததும் ஏப்பத்தோடு கடைவாயில் வழிகிறதே, அது நோயே இல்லை! உணவுக்குழாயின் அடியில் இருக்கும் தசை இன்னும் இறுகவில்லை, அவ்வளவுதான். நான்கு மாத வாக்கில் இந்தக் கக்கல் உச்சத்துக்குப் போகும். ஒரு வயதுக்குள் பெரும்பாலும் தானாக நின்றுவிடும். எடை ஏறி, பிள்ளை சிரித்து விளையாடினால் மருந்தே தேவையில்லை.

ஆனால் நிறத்தைப் பாருங்கள்! பிறந்த குழந்தை பச்சையாக வாந்தி எடுத்தால் அது பித்தநீர். உள்ளே குடல் முறுக்கிக்கொண்டு அடைத்திருக்கலாம். விடியட்டும் என்று காத்திருக்காதீர்கள். தானா ராத்தாவில் இருக்கும் சுல்தானா ஹாஜா கல்சோம் மருத்துவமனைக்கு அந்த இரவே கிளம்புங்கள்.

பிறந்த சில வாரங்களில், ஒவ்வொரு முறை பால் குடித்ததும் பீறிட்டு அடிக்கும் வாந்தியா? இரைப்பையின் வாசல் தசை தடித்து, வழியை அடைத்திருக்கலாம். இது ஆண் குழந்தைகளுக்கே அதிகம் வரும். ராம்ஸ்டெட் என்ற ஜெர்மன் மருத்துவர் 1912இல் எழுதிவைத்த எளிய அறுவை சிகிச்சைதான் இன்றும் இந்தப் பிள்ளைகளைக் காப்பாற்றுகிறது!

வாந்தியிலும் பேதியிலும் உடல் இழக்கும் நீரை ஈடுகட்டும் ஓ.ஆர்.எஸ்., அதாவது உப்பும் சர்க்கரையும் கலந்த தண்ணீர், எத்தனை உயிரைக் காத்தது, தெரியுமா? 1971, வங்கதேசப் போர். மேற்கு வங்கத்தின் பன்காவ் அகதி முகாமில் காலரா. ஊசிவழி ஏற்றும் திரவம் தீர்ந்துபோகிறது. மருத்துவர் திலீப் மகாலனாபிஸ் உப்பு, சர்க்கரைக் கரைசலை பீப்பாய்களில் நிரப்பி, நோயாளிகளின் உறவினர்கள் கையிலேயே கொடுத்துவிட்டார். 30 சதவீதம் வரை இருந்த சாவு 4 சதவீதத்துக்கும் கீழே இறங்கியது! ரகசியம் என்ன? குடலில் சர்க்கரை உள்ளே போகும்போது உப்பையும் கூட்டிக்கொண்டு போகிறது. அதன் பின்னாலேயே தண்ணீரும் போகிறது. சீனி அள்ளிப்போட்ட தே-ஓவும் பாட்டில் பானமும் இதற்கு ஈடாகாது. சர்க்கரை மிஞ்சினால் பேதி கூடும்.

கொடுக்கும் விதம்தான் முக்கியம். வாந்தி எடுத்ததும் 10 நிமிடம் பொறுங்கள். பிறகு இரண்டு மூன்று நிமிடத்துக்கு ஒரு தேக்கரண்டி ஓ.ஆர்.எஸ். ஊட்டுங்கள். மடக்மடக்கென்று கொடுத்தால் திரும்ப வெளியே வரும். தாய்ப்பாலை நிறுத்தவே கூடாது!

ஏறத்தாழ 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கும் பிரிஞ்சாங்கில் தண்ணீர் 100 டிகிரியை எட்டாமலே, சுமார் 95 டிகிரியிலேயே கொதிக்கும், தெரியுமா? பயம் வேண்டாம். ஒரு நிமிடம் தளதளவென்று கொதித்தால் போதும், கிருமிகள் செத்துவிடும். ஆறவைத்து, ஓ.ஆர்.எஸ். பொடியைப் பாக்கெட்டில் போட்டிருக்கும் அளவுப்படி கரையுங்கள்.

இதைக் கேட்டால் பாட்டிமார் வருந்துவார்கள்: நாம் வயிற்றுக்கு உரைத்துக் கொடுக்கும் வசம்பே வாந்தியை வரவழைக்கும்! அமெரிக்காவில் 1968லேயே அதை உணவில் சேர்க்கத் தடை விதித்துவிட்டார்கள். திருஷ்டி சுற்றிப்போடுங்கள், மனசுக்கு ஆறுதல். வாய்க்குள் மட்டும் வசம்பு வேண்டாம்.

பிள்ளைகளின் பேதிக்குப் பெரும் காரணமான ரோட்டா வைரஸை 1973இல் கண்டுபிடித்தவர் மெல்போர்னைச் சேர்ந்த ரூத் பிஷப். அதற்கு எதிராக இந்தியா உருவாக்கிய ரோட்டாவாக் தடுப்பு மருந்தைச் சோதித்த மூன்று இடங்களில் நம் வேலூரும் ஒன்று! உங்கள் பிள்ளைக்கு ரோட்டா தடுப்பு மருந்து உண்டா என்று கிளினிக்கில் கேளுங்கள். பிறந்த சில மாதங்களுக்குள் கொடுக்க வேண்டியது அது.

அழுதால் கண்ணீர் இல்லை, வாய் வறண்டிருக்கிறது, உச்சிக்குழி உள்வாங்கியிருக்கிறது, ஆறு மணி நேரமாகப் பெம்பர்ஸ் நனையவில்லை, மலத்தில் ரத்தம், எழுப்பினாலும் சோர்ந்து விழுகிறது. இவற்றில் ஒன்று தெரிந்தாலும் உடனே மருத்துவமனை! இரண்டு பாக்கெட் ஓ.ஆர்.எஸ். இன்றே வாங்கி வீட்டில் வையுங்கள். பக்கத்து வீட்டுக்கும் சொல்லுங்கள்.