ஃபால்கன் அவுஸ்திரேலிய வண்டி ஆன விதம்

சிட்னியின் மேற்குப் புறநகரான வென்ட்வேர்த்விலின் தென்புறத்தை ஒட்டிச் செல்லும் கிரேட் வெஸ்டர்ன் நெடுஞ்சாலை, மேற்கே நீல மலைகளைக் கடந்து பாதர்ஸ்ட் நகரில் முடிகிறது. கிழக்கே பரமட்டாவுக்கு அப்பால் அது பரமட்டா ரோடு ஆகி, 1936 முதல் 1994 வரை ஃபோர்ட் நிறுவனத்தின் தொழிற்சாலை இயங்கிய ஹோம்புஷ் வழியாகச் சிட்னி நகருக்குள் நுழைகிறது. 1960களில் இச்சாலையை நிறைத்த வண்டிகளுள் கணிசமானவை, அமெரிக்காவில் பிறந்து, அவுஸ்திரேலியத் தொழிலாளர் கைகளில் உருவம் பெற்றவை. அவற்றுள் எது இம்மண்ணில் நிலைத்தது, எது நிலைக்கவில்லை என்பதற்கான காரணம் வண்டியின் அழகிலோ வேகத்திலோ இல்லை. வந்த வண்டியைப் பிரித்துப் பார்த்துத் திருத்தும் உரிமையும் மனமும் உள்ளூர்த் தொழிற்சாலைக்கு எந்த அளவுக்கு இருந்தன என்பதில்தான் இருக்கிறது.

அமெரிக்கர்கள் 'காம்பாக்ட்' என்று அழைத்தது, அந்நாட்டின் பெரிய கார்களோடு ஒப்பிட மட்டுமே சிறியதாகத் தோன்றும் வகையாகும். 1959இல் வந்த ஸ்டூடிபேக்கர் லார்க், அதற்கு அடுத்த ஆண்டு மாடல்களாக வெளிவந்த ஃபோர்ட் ஃபால்கன், கிரைஸ்லரின் வேலியன்ட், இவற்றுக்கு முன்பே சந்தையில் இருந்த ராம்ப்ளர் ஆகியவை இவ்வகையின் முக்கியப் பெயர்கள். முன் அச்சுக்கும் பின் அச்சுக்கும் இடையே 109.5 அங்குலம் கொண்ட ஃபால்கன் அமெரிக்கச் சாலையில் சின்ன வண்டி. அவுஸ்திரேலியாவிலோ, 1948 முதல் சந்தையை ஆண்டுவந்த ஹோல்டனைவிடச் சற்றே பெரிய குடும்ப வண்டி.

முழு வண்டியாக இறக்கினால் சுங்க வரி கடுமையாக இருந்ததால், பெரும்பாலான நிறுவனங்கள் வண்டியை உதிரியாகப் பிரித்துப் பெட்டிகளில் அடைத்து அனுப்பி, இங்கே பொருத்தி விற்றன; டயர், பேட்டரி, கண்ணாடி, இருக்கைத் துணி போன்றவை உள்ளூரில் வாங்கப்பட்டன. ராம்ப்ளர் இவ்வாறு மெல்பேர்னின் போர்ட் மெல்பேர்ன் பகுதியில் அவுஸ்திரேலியன் மோட்டார் இண்டஸ்ட்ரீஸ் நிறுவனத்தாலும், லார்க் அதே நகரின் டொட்டன்ஹாமிலும் பொருத்தப்பட்டன. அடிலெய்டின் மைல் எண்டில் பொருத்தப்பட்ட முதல் வேலியன்ட்கள், ஆயிரத்தைச் சற்றே தாண்டிய எண்ணிக்கையில் 1962 ஜனவரியில் வெளிவந்து, சில நாட்களிலேயே விற்றுத் தீர்ந்தன. ஸ்டீயரிங்கை வலப்பக்கம் மாற்றுவது, அதற்கேற்ப டாஷ்போர்டையும் பெடல்களையும் இடம் மாற்றுவது ஆகியவை இவ்வேலையின் முதற்படி; பல வண்டிகளுக்கு அதுவே கடைசிப் படியாகவும் அமைந்துவிட்டது.

ஃபால்கனின் கதை வேறு. கனடா ஃபோர்டின் கிளையாக 1925இல் ஜீலாங்கில் தொடங்கிய ஃபோர்ட் அவுஸ்திரேலியா, மெல்பேர்னுக்கு வடக்கே பிராட்மெடோஸில் எழுப்பிய புதிய தொழிற்சாலையில் முதலில் பிரிட்டிஷ் ஸெஃபிர் காரைத் தயாரிக்கவே திட்டமிட்டிருந்தது. அமெரிக்காவின் டியர்பார்னில் உருவாகிக்கொண்டிருந்த ஃபால்கனை நிர்வாக இயக்குநர் சார்லி ஸ்மித் பார்த்த பிறகே அத்திட்டம் கைவிடப்பட்டது. 1960 செப்டம்பரில் எக்ஸ்கே என்ற குறியீட்டுடன் ஃபால்கன் விற்பனைக்கு வந்தது.

வந்த வேகத்திலேயே அதன் பெயர் கெடத் தொடங்கியது. முன்சக்கரத்தைத் தாங்கும் கைகளோடு சக்கர அச்சை இணைப்பது 'பால் ஜாயின்ட்' எனப்படும் உருண்டை மூட்டு. சக்கரம் மேலும் கீழும் எழுந்தடங்கவும், அதே சமயம் இடமும் வலமும் திரும்பவும் இம்மூட்டுதான் வழிசெய்கிறது. அமெரிக்காவின் சமதளத் தார்ச்சாலைகளுக்கென அளவிடப்பட்ட இம்மூட்டு, தகரக் கூரைபோல் வரிவரியாக மேடு விழுந்த உள்நாட்டு மண்சாலைகளில் நாள்முழுதும் அதிர்ந்து தேய்ந்தது; மூட்டு விட்டுப்போனால் சக்கரம் மடங்கிச் சாய்ந்துவிடும் என்பதால், பழுது வெறும் செலவாக நிற்காமல் உயிர்ப் பயமாகவும் ஆயிற்று. கிராமப்புற வாடிக்கையாளர்கள் ஹோல்டனுக்கே திரும்பினர். அவர்களைக் குறை சொல்ல எந்த நியாயமும் இல்லை.

நிறுவனம் வண்டியைக் கைவிடாமல், அதைத் திருத்தத் தொடங்கியதே இவ்வரலாற்றின் திருப்பம். அடுத்தடுத்த மாடல்களில் முன்சக்கர சஸ்பென்ஷன் வலுப்பெற்றது; 1965இல் வந்த எக்ஸ்பி மாடலில் உடற்கூட்டின் அடிப்பகுதியும் உறுதியாக்கப்பட்டது. அதே ஆண்டு, ஜீலாங்குக்கு அருகே யூ யாங்ஸ் மலையடிவாரச் சோதனைத் தடத்தில் ஐந்து எக்ஸ்பி கார்கள் ஒன்பது நாட்கள் இரவு பகலாக ஓட்டப்பட்டு, மணிக்கு 70 மைலுக்கு மேற்பட்ட சராசரி வேகத்தில் மொத்தம் 70,000 மைல் கடந்தன. விளம்பரத்துக்காகச் செய்யப்பட்ட சோதனைதான். எனினும், இழந்த நம்பிக்கையை மீட்க அதைவிட நேர்மையான வழி வேறு இருந்திருக்க முடியாது. 1967இல், கிரேட் வெஸ்டர்ன் நெடுஞ்சாலை முடியும் அதே பாதர்ஸ்டில், ஹாரி ஃபெர்த்தும் ஃபிரெட் கிப்சனும் ஃபால்கன் ஜிடி ஒன்றில் 500 மைல் பந்தயத்தை வென்றனர்.

அரசின் கொள்கையும் உள்ளூர்த் தயாரிப்பை நோக்கியே தள்ளியது. 1964இல் அறிவிக்கப்பட்ட 'பிளான் ஏ', பெருமளவில் விற்கும் ஒவ்வொரு காரின் உள்ளடக்கத்திலும் 95 சதவீதம் ஐந்தாண்டுகளுக்குள் உள்நாட்டுத் தயாரிப்பாக இருக்கக் கோரியது. கிரைஸ்லர் டான்ஸ்லி பார்க்கில் புதிய தொழிற்சாலை திறந்தது; வேலியன்ட் 1981 வரை உள்ளூர் வண்டியாகவே வளர்ந்தது. ராம்ப்ளரோ சிறு எண்ணிக்கையில் விற்கும் வண்டிகளுக்கான சலுகைகளின் நிழலில் பெட்டியில் வந்து பெட்டியிலேயே நின்றது. லார்க் 1960களின் நடுவிலேயே அதன் தாய் நிறுவனத்தின் கார் உற்பத்தியோடு மறைந்தது.

அமெரிக்காவில் ஃபால்கன் 1970இல் முடிந்தது. இங்கே 1972இல் இந்நாட்டுக்கென்றே வடிவமைக்கப்பட்ட உடலுடன் புதிதாக வந்து, பின்புறம் திறந்த சரக்குத் தட்டு கொண்ட 'யூட்' வடிவிலும், எரிவாயுவில் ஓடும் டாக்சியாகவும் தொடர்ந்து உழைத்தது. சிட்னிக்கு வந்து டாக்சி ஓட்டிப் பிழைப்பைத் தொடங்கிய தமிழர் பலருக்கும் முதல் தொழிற்கருவி அதுவே. கடைசி ஃபால்கன் 2016 அக்டோபர் 7 அன்று பிராட்மெடோஸிலிருந்து வெளியேறியது. மறு ஆண்டு அக்டோபரில் டொயோட்டாவும் ஹோல்டனும் உற்பத்தியை நிறுத்தியதோடு, அவுஸ்திரேலியாவில் கார் தயாரிக்கும் பெருந்தொழிற்சாலை எதுவும் மிஞ்சவில்லை.